தொடரும் – 11: ஒன்பது வார இடைவெளி

2023 செப்டம்பர் முதல் வாரம். புனேயில் எங்கள் போபோடி மெட்ரோ நிலையம் திறந்து ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. கட்கியிலும் ரேஞ்ச் ஹில்ஸிலும் நிலையங்கள் அப்போது திறக்கவில்லை. போபோடியில் ஏறினால் வண்டி அடுத்து சிவாஜிநகரில்தான் நிற்கும். எங்கள் சந்துப் பையன் ஒருவன் பக்கத்தில் உட்கார்ந்திருந்தான். கண் இரண்டும் சிவந்து கிடந்தன.

“என்னடா, காய்ச்சலா?” என்றேன்.

“இல்ல மாமா. ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் தெல்கி பாத்தேன். அஞ்சாவது எபிசோடோட நிறுத்திட்டான். மிச்சம் அப்புறமாம்.”

“அதுல என்னடா இருக்கு? தெல்கி மாட்டினது, ஜெயிலுக்குப் போனது எல்லாம்தான் ஊருக்கே தெரியுமே. உங்கம்மாவைக் கேட்டா முழுக் கதையும் சொல்வாளே.”

“முடிவு தெரியும் மாமா. எப்படி மாட்டினான்னு பாக்கணும்ல?”

இந்தத் தொடரை எழுத உட்கார்ந்த நாளிலிருந்து நான் தேடிக்கொண்டிருந்த கேள்வியை அவன் பாட்டுக்குக் கேட்டுவிட்டு சிவாஜிநகரில் இறங்கிப் போய்விட்டான். முடிவு தெரிந்த கதைக்கு ஒரு மனிதன் ஏன் காத்திருக்கிறான்?

சென்ற பகுதியில் ‘சித்தி’, ‘கோலங்கள்’ காலத்து மெகா சீரியல்களோடு நிறுத்தியிருந்தோம். இந்த வாரம் கைப்பேசிக்கு வந்த தொடர்கள். அதிலும் ஒரே சீசனை இரண்டாக அறுத்து, நடுவில் நம்மை உட்காரவைக்கும் வழக்கம்.

‘ஸ்கேம் 2003: தி தெல்கி ஸ்டோரி’ சோனி லிவ் தளத்தில் வந்தது. ஹன்சல் மேத்தாவின் மேற்பார்வையில் துஷார் ஹீராநந்தானி இயக்கினார். தெல்கியாகக் ககன் தேவ் ரியார் நடித்தார். இதற்கு முன் வந்த ‘ஸ்கேம் 1992’ பத்து எபிசோடுகளையும் 2020 அக்டோபர் 9 அன்று ஒரேயடியாகக் கொடுத்தது. தெல்கி கதைக்கு அப்படிச் செய்யவில்லை. முதல் ஐந்து 2023 செப்டம்பர் 1, வெள்ளிக்கிழமை. அடுத்த ஐந்து நவம்பர் 3, வெள்ளிக்கிழமை. எண்ணிப் பார்த்தால் சரியாக ஒன்பது வாரம்.

புனேக்காரர்களுக்கு இது வெளியூர்க் கதை கிடையாது. கர்நாடகத்தின் கானாப்பூரிலிருந்து வந்த அப்துல் கரீம் தெல்கியின் போலி முத்திரைத்தாள் மோசடி பெரிதாக வெடித்தது 2002-இல் புனே போலீஸ் பதிவு செய்த வழக்கில்தான். எரவாடா சிறையில் இருந்தார். 2007 ஜூனில் புனே தனி நீதிமன்றம் 13 ஆண்டுக் கடுங்காவலும் 202 கோடி ரூபாய் அபராதமும் விதித்தது. 2017 அக்டோபரில் பெங்களூரில் இறந்தார். மோசடி வெடித்த நாட்களில் போபோடியில் வீடு வாங்கியவர்கள், வாடகை ஒப்பந்தம் போட்டவர்கள் எல்லோரும் பீரோவைத் திறந்து தங்கள் முத்திரைத்தாளை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தார்கள். நானும் பார்த்தேன். அசல் எது, போலி எது என்று எனக்கு எப்படித் தெரியும்? இருந்தாலும் பார்த்தேன். அந்தப் பையனின் அம்மாவும் பார்த்திருப்பாள். அவளும்தான் செப்டம்பரிலிருந்து நவம்பர் வரை காத்திருந்தாள்.

அந்த ஒன்பது வாரத்தின் நடுவில் பிள்ளையார் வந்தார். செப்டம்பர் 19 சதுர்த்தி, 28 விசர்ஜனம். எங்கள் பக்கத்துப் பந்தல் ஒன்றில் ஒருநாள் கீர்த்தனை. பையனின் கேள்விக்கு அங்கேதான் எனக்குப் பாதி விடை கிடைத்தது.

மராட்டியத்து நாரதீயக் கீர்த்தனைக்கு இரண்டு பகுதி. முதலாவது பூர்வரங்கம். ஓர் அபங்கத்தை, அதாவது ஒரு பக்திப் பாடலை எடுத்துக்கொண்டு கீர்த்தனக்காரர் பொருள் சொல்வார். கடன், கோபம், பக்தி என்று எங்கெங்கோ போய் வருவார். பிறகு நிறுத்துவார். தபலாவும் ஆர்மோனியமும் மெதுவாக நாமஜபத்துக்கு இறங்கும். யாரோ ஒரு பெரியவர் எழுந்து வந்து கீர்த்தனக்காரர் கழுத்தில் மாலை போட்டு, நெற்றியில் புக்கா வைப்பார். புக்கா என்பது கன்னங்கறுத்த வாசனைப் பொடி. பண்டரிபுரத்துக்குப் போய் வந்தவர்கள் நெற்றியில் பார்த்திருப்பீர்கள். அன்று கிண்ணம் எங்கள் வரிசைக்கும் வந்தது. பக்கத்திலிருந்த பாட்டி தன் கட்டைவிரலால் என் நெற்றியிலும் இட்டுவிட்டார். கைக்குழந்தைக்காரிகள் குழந்தையைத் தோள் மாற்றிக்கொண்டார்கள். பின்னால் நின்றவர்கள் முன்னால் வந்து இடம் பிடித்தார்கள். ஒருவர்கூட எழுந்து போகவில்லை, ஏனென்றால் கதை இனிமேல்தான். உத்தரரங்கத்தில்தான் ஆக்கியானம் வரும். அன்று சொன்னது எல்லோருக்கும் தெரிந்த புராணம். முன்வரிசையில் இருந்த சிறுமிகூட அடுத்த வரியை முன்கூட்டியே முணுமுணுத்தாள்.

இந்தக் கீர்த்தனை தஞ்சாவூருக்குப் போனது மராட்டிய அரசர்கள் காலத்தில். அதன் சாரத்தை எடுத்துக் கதாகாலட்சேபமாக உருக்கொடுத்தவர் தஞ்சாவூர் கிருஷ்ண பாகவதர் (1841–1903). நம் பாகவதர்கள் ‘நிரூபணம்’ என்று சொல்வது அந்த வழியில் வந்த சொல். என் அப்பாவின் வட ஆர்க்காட்டில் திரௌபதி அம்மன் திருவிழாவில் பாரதக் கூத்து இரவுக்கு இரவு நீளும். அபிமன்யு சாகப்போகிறான் என்பது ஊரில் யாருக்குத் தெரியாது? தெரிந்தேதான் அடுத்த இரவும் பாயைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். என்ன நடக்கும் என்று அறிவதற்காக மட்டும் நாம் கதைக்குக் காத்திருப்பதில்லை. அது நடக்கும்போது பக்கத்தில் இருக்க வேண்டும் என்பதற்காகக் காத்திருக்கிறோம். அந்தப் பாட்டி நெற்றியில் இட்ட கருப்பைத் துடைக்காமல் வீட்டுக்கு வந்தபோது எனக்குத் தோன்றியது இதுதான்.

கூத்திலிருந்து அச்சுக்கு வருவோம். மராட்டியில் தொடர்கதைக்கு ஊர் இந்தப் புனேதான். ஹரி நாராயண் ஆப்டே 1890-இல் ‘கரமணூக்’ என்ற வார இதழைத் தொடங்கினார். பொழுதுபோக்கு என்று பொருள். பெயர்தான் பொழுதுபோக்கு. அதில் வாராவாரம் அவர் எழுதிய ‘பண் லட்சாத் கோண் கேதோ’, யமு என்ற பெண் தன் வாழ்க்கையைத் தானே சொல்லும் கதை. சிறுவயதுக் கல்யாணம், கைம்மை எல்லாம் அவள் வாயாலேயே வரும். ஏறக்குறைய அதே காலத்தில் நம் பக்கம் ‘விவேக சிந்தாமணி’யில் பி. ஆர். ராஜமையர் ‘கமலாம்பாள் சரித்திர’த்தை எழுதிக்கொண்டிருந்தார், 1893 முதல் 1895 வரை. புனேயில் ஒரு யமு, சிறுகுளத்தில் ஒரு கமலாம்பாள். இரண்டு மொழியிலும் நாவல் துளிர்த்த காலத்தில் இதழ்கள் மாதமோ வாரமோ வாசகரைக் காக்கவைத்தது பெண்களின் கதையை வைத்துத்தான். இந்த ஒற்றுமையை யாராவது ஆராய்ச்சி மாணவர் எடுத்துச் செய்ய வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

இங்கிலாந்தில் தாமஸ் ஹார்டி 1872–73-இல் எழுதிய தொடர்கதை ஒன்றில் ஒருவன் கடலோரப் பாறை விளிம்பில் தொங்குவான். அந்தரத்தில் கதையை நிறுத்தும் உத்திக்கு ஆங்கிலத்தில் வழங்கும் பெயரைப் பலரும் அந்தக் காட்சியோடு சேர்த்துச் சொல்வார்கள். தொங்கவிடுவது பழைய தொழில். நம் ஆட்கள் அதைக் குறைவாகச் செய்தவர்கள் அல்லர்.

என் அப்பா கட்கி ஆம்யூனிஷன் ஃபேக்டரியில் வேலைக்குச் சேர்ந்தது 1951-இல். 1869-லிருந்து ஓடும் தொழிற்சாலை அது. அதை ஒட்டி கட்கி, போபோடி, தாபோடி என்று தமிழ்க் குடும்பங்கள் பெருகின. ‘கல்கி’ இதழ் தபாலில் இங்கே வந்து சேர நாலைந்து நாள் பிடிக்கும். ‘பொன்னியின் செல்வன்’ 1950 அக்டோபர் 29-இல் தொடங்கி 1954 மே 16-இல் முடிந்தது. மூன்றரை வருஷம். ஒவ்வொரு வாரமும் அத்தியாயப் பக்கங்களை அப்பா கத்தரித்து எடுத்து வைத்தார். பிறகு மைதாப் பசை காய்ச்சி, கோணி ஊசியால் தைத்து, காக்கித் துணி ஒட்டி ஐந்து பாகமாகக் கட்டினார். மைதாவோடு துத்தம் சேர்த்தால் பூச்சி அரிக்காதாம். அந்தப் புத்தகம் இப்போதும் என்னிடம் இருக்கிறது. மணியம் வரைந்த குந்தவையின் கொண்டையில் பாதி பைண்டிங்குக்குள் போய்விட்டது. சில பக்கங்களின் முதுகில் பாதி விளம்பரம். ஒரு பக்கத்தில் அத்தியாயம் முடியும் இடத்துக்குக் கீழே அப்பா பென்சிலால் ஒரு தேதி குறித்திருக்கிறார். அடுத்த இதழ் கைக்குக் கிடைக்க வேண்டிய நாள்.

அந்தப் பென்சில் தேதியைத் தள்ளி வைத்துவிட்டு என்னால் இந்தச் சரித்திரத்தை எழுத முடியவில்லை. கல்கி எங்கே நிறுத்தினாலும், எப்போது மறுபடி ஆரம்பிப்பார் என்பது கட்கியில் இருந்த ஒரு தொழிலாளிக்குத் தெரிந்திருந்தது. கதை முடிந்த பிறகும், அவருக்கு என்ன ஆயிற்று, இவருக்கு என்ன ஆயிற்று என்று வாசகர்கள் கேட்டபோது, கல்கி ஒரு முடிவுரை எழுதிப் பாத்திரங்களின் பிற்கால வாழ்க்கையைச் சொன்னார். அதே ஆண்டு டிசம்பர் 5 அன்று காலமானார். ‘பொன்னியின் செல்வ’னை நடுவில் ஓராண்டு நிறுத்தியிருந்தால் நமக்கு அது முழுதாகக் கிடைத்திருக்காது. அப்போது அவர் எழுதிக்கொண்டிருந்த ‘அமரதாரா’ அந்தரத்திலேயே நின்றது. அவர் விட்டுச் சென்ற குறிப்புகளை வைத்து மகள் ஆனந்தி எழுதி முடித்தார். அப்பா இறந்த வீட்டில் ஒரு மகள் உட்கார்ந்து அப்பாவின் வாசகர்களுக்குப் பட்ட கடனை அடைத்தாள் என்றுதான் நான் அதை எப்போதும் நினைத்துக்கொள்வேன்.

தொலைக்காட்சியை வேகமாகக் கடக்கிறேன், போன முறை விரிவாகப் பார்த்தாயிற்று. ஆனால் சீசன் என்ற ஏற்பாட்டை அமெரிக்கத் தொலைக்காட்சியிடமிருந்துதான் நாம் வாங்கினோம் என்பதை மட்டும் சொல்ல வேண்டும். அங்கே கோடைக்குத் தொடர்கள் ஓய்வெடுக்கும். ‘டாலஸ்’ தொடரில் 1980 மார்ச் 21 அன்று ஜே. ஆர். என்ற பாத்திரம் சுடப்பட்டது. சுட்டது யார் என்பது நவம்பர் 21-இல்தான் தெரிந்தது. எட்டு மாதம். அதன்பிறகு சீசன் கடைசியில் துப்பாக்கி வெடிப்பது ஒரு சடங்காகிவிட்டது. நம் சீரியல்களுக்கு இந்தச் சடங்கு தேவைப்படவில்லை. திங்கள் முதல் வெள்ளி வரை தினமும் வந்தன. வெள்ளிக்கிழமை முடிச்சு கொஞ்சம் இறுக்கமாக விழும், திங்கட்கிழமை அவிழும். ‘ஹம் லோக்’ 1984-இல் தூர்தர்ஷனில் வந்தபோது, முடிவில் நடிகர் அசோக் குமார் தோன்றிப் பேசிவிட்டுத்தான் விடைகொடுப்பார். நிறுத்துகிறவர் நம் முகத்தைப் பார்த்து நிறுத்தினார்.

பிறகு 2013 பிப்ரவரி 1. நெட்ஃபிளிக்ஸ் ‘ஹவுஸ் ஆஃப் கார்ட்ஸ்’ முதல் சீசன் மொத்தத்தையும் ஒரே நாளில் திறந்துவிட்டது. காத்திருப்பு என்பதே ஒழிந்தது என்று எல்லோரும் எழுதினார்கள். ஒரு எபிசோடு முடிந்து பெயர்கள் ஓடுவதற்குள் அடுத்தது தானாக ஓடத் தொடங்கியது. நெட்ஃபிளிக்ஸ் இந்தியாவுக்கு 2016 ஜனவரியில் வந்தது. அமேசான் பிரைம் வீடியோ அந்த டிசம்பரில். ஹாட்ஸ்டார் அதற்கு முன்பே, 2015-இல் வந்துவிட்டிருந்தது.

பத்து வருஷத்துக்குள் இதே தளங்கள் காத்திருப்பைத் திரும்பக் கொண்டுவந்ததற்குக் காரணம் கணக்குப் புத்தகத்தில் இருக்கிறது. ஒரு சீசனை இரண்டு ராத்திரியில் பார்த்து முடிக்கிறவர், ஒரு மாதச் சந்தா மட்டும் கட்டிவிட்டு விலகிக்கொள்ளலாம். அவரை இன்னொரு மாதம் இருக்கவைக்க வேண்டும். 2022-இன் முதல் மூன்று மாதத்தில் நெட்ஃபிளிக்ஸ் உலக அளவில் இரண்டு லட்சம் சந்தாதாரர்களை இழந்தது. அந்த மே 27 அன்று ‘ஸ்ட்ரேஞ்சர் திங்ஸ்’ நான்காம் சீசனின் ஏழு எபிசோடுகள் வந்தன. மீதி இரண்டும் ஜூலை 1. நிறுவனத்தின் இரண்டாம் காலாண்டுக் கணக்கு முடிவது ஜூன் 30. அதற்கு மறுநாள்! ஒரு சீசன், இரண்டு காலாண்டிலும் கால் வைத்து நின்றது. நோய்த்தொற்றுக் காலத்தில் வேலைகள் தாமதமானதும் உண்மை, கணினி வரைகலை முடிய நாளாகும் என்பதும் உண்மை. ஆனாலும் பிறகு ‘பிரிட்ஜர்டன்’, ‘வென்ஸ்டே’ என்று வரிசையாக இரண்டாக அறுபட்டபோது வேலைத் தாமதம் ஒன்றை மட்டும் காரணம் சொல்ல முடியவில்லை. ‘கோப்ரா காய்’ கடைசி சீசன் 2024 ஜூலை, நவம்பர், 2025 பிப்ரவரி என்று மூன்று துண்டாக வந்தது.

நம் நாட்டிலும் 2023 அறுவடை ஆண்டு. ‘தி நைட் மேனேஜர்’ ஹாட்ஸ்டாரில் பிப்ரவரி 17-இல் பாதி, ஜூன் 30-இல் மீதி. ‘ஆர்யா’ மூன்றாம் சீசன் நவம்பரில் பாதி, அடுத்த பிப்ரவரியில் மீதி. நடுவில் நம் தெல்கி.

இதில் எல்லா இடைவெளியும் ஒரே தரம் என்று நான் நினைக்கவில்லை. தெல்கி கதையை இரண்டாகப் பிரித்ததில் எனக்குக் கோபமில்லை. ஒன்பது வாரத்தில் சொன்னதைக் கொடுத்தார்கள். ‘தி ஃபேமிலி மேன்’ முதல் சீசன் 2019 செப்டம்பரில் டெல்லியில் விஷவாயு ஆபத்தோடு நின்றது. என்ன ஆயிற்று என்று தெரிய 2021 ஜூன் 4 வரை ஆனது. இருபது மாதம். நடுவில் பிப்ரவரி 12 என்று அறிவித்துவிட்டுத் தள்ளிவைத்தார்கள். இருந்தும் வந்தது, பதில் சொன்னது. தமிழில் புஷ்கர் – காயத்ரியின் ‘சுழல்’ செய்ததுதான் எனக்குப் பிடித்த முறை. 2022 ஜூன் 17 வந்த முதல் சீசன், தான் எடுத்துக்கொண்ட வழக்கை எட்டு எபிசோடில் முடித்துக் கொடுத்தது. நந்தினி என்ற பெண்ணின் கதி ஒன்றை மட்டும் மிச்சம் வைத்தது. 2025 பிப்ரவரி 28-இல் இரண்டாம் சீசன் வரும்வரை அந்த ஒரு இழையைப் பிடித்துக்கொண்டு இருக்க முடிந்தது. மயானக் கொள்ளையின் பின்னணியில் ஓடிய கதை என்பதால் எங்கள் வட ஆர்க்காட்டுக் குடும்பங்களில் அதற்கு ஒரு தனிப் பாசமும் உண்டு.

‘சேக்ரட் கேம்ஸ்’ வேறு வகை. 2018 ஜூலை 6 முதல் சீசன், 2019 ஆகஸ்ட் 15 இரண்டாவது. மும்பை நகரமே சாம்பலாகப் போகிறது, சர்தாஜ் என்ற போலீஸ்காரர் வெடிகுண்டின் பூட்டைத் திறக்கக் கடைசி முயற்சி செய்கிறார், திரை கருப்பாகிறது. மூன்றாம் சீசன் வரவில்லை. திறந்ததா, வெடித்ததா என்று வீட்டுக்கு வீடு ஒரு தீர்ப்பு. திறந்த முடிவும் ஒரு கலைதான் என்று சிலர் சொல்வார்கள். நானும் திறந்த முடிவுகளை விரும்பிப் படிக்கிறவன். ஆனால் இரண்டு சீசன் ‘இருபத்தைந்து நாள்’ என்று கடிகாரத்தை ஓடவிட்டு மக்களை உட்காரவைத்தவர்கள், கடிகாரம் நின்ற பிறகு மணி என்ன என்று சொல்லிவிட்டுப் போயிருக்க வேண்டும். ஆனந்தி செய்ததை நினைத்துக்கொள்ளும்போது எனக்கு இது இன்னும் உறுத்துகிறது.

பெரிய தளங்களில் இப்படி அறுந்துபோன தொடர்கள் உலகம் முழுக்க நிறைய. எத்தனை பேர் பார்த்தார்கள், எத்தனை பேர் கடைசிவரை பார்த்தார்கள் என்று கணக்கெடுத்து, கட்டாது என்றால் அடுத்த சீசனை நிறுத்திவிடுகிறார்கள். ஆனால் அந்தரத்தில் தொங்கும் கடைசிக் காட்சியை அதற்கு முன்பே படமாக்கி, ஒளிபரப்பியும் முடித்திருப்பார்கள். வார இதழில் தொடர்கதை சரியாகப் போகவில்லை என்றால் ஆசிரியர் எழுத்தாளரைக் கூப்பிட்டு, “நாலு வாரத்தில் முடித்துவிடுங்கள்” என்பார். அவசர முடிவுதான், சில நேரம் அசட்டு முடிவும்தான். இருந்தாலும் வாசகர் கையில் ஒரு கடைசிப் பக்கம் இருந்தது. பைண்டு செய்கிறவருக்குக் கடைசி அட்டையை எங்கே ஒட்டுவது என்று தெரிந்தது.

நவம்பர் 3 இரவு அந்தப் பையன் வீட்டில் வெளிச்சம் அணையவில்லை. தீபாவளிக்கு ஒன்பது நாள் இருந்தது. அவன் அம்மா அதிரசத்துக்குப் பாகு வைத்தபடியே ஓர் எபிசோடு முடிந்துவிட்டது என்று மறுநாள் சொன்னாள். ஜன்னல் வழியாக அவள் குரல் எனக்குக் கேட்டுக்கொண்டேதான் இருந்தது. “இப்பப் பாரு, இப்பத்தான் மாட்டப்போறான்... இரு, இரு, பேசாத.” இருபத்தொரு வருஷத்துக்கு முன் செய்தித்தாளில் படித்துவிட்ட விஷயம்.

சனிக்கிழமை காலையில் பையன் மெட்ரோ படிக்கட்டில் எதிர்ப்பட்டான். “முடிஞ்சுது மாமா” என்றான். நான் கேட்கவேயில்லை. அவன்தான் நின்று, படிக்கட்டுக் கைப்பிடியில் சாய்ந்துகொண்டு, ஆறாவது எபிசோடிலிருந்து ஒவ்வொன்றாகச் சொல்ல ஆரம்பித்தான்.

அடுத்த வாரம்: தாபோடி பாலத்தடியில் வாடகை வீடியோ கேசட் கடை நடத்தியவர் சொன்ன கதை.

(தொடரும்)